அணு உலைகள் எல்லாம் ஒன்றல்ல: வடிவமைத்தவருக்குப் பொறுப்பு வேண்டாமா?

2025 டிசம்பரில் நாடாளுமன்றத்தின் இரு அவைகளும் 'சாந்தி' என்று சுருக்கமாக அழைக்கப்படும் அணுசக்திச் சட்டத்தை நிறைவேற்றின. 1962ஆம் ஆண்டின் அணுசக்திச் சட்டமும், விபத்து நேர்ந்தால் யார் இழப்பீடு தர வேண்டும் என்று சொன்ன 2010ஆம் ஆண்டின் சட்டமும் இதனால் நீங்கின. இதுவரை அரசு நிறுவனங்களின் கையில் மட்டுமே இருந்த அணு மின் உற்பத்தி, உரிமம் பெறும் தனியார் நிறுவனங்களுக்கும் திறந்துவிடப்பட்டது. இன்று நாட்டின் அணு மின் திறன் ஏறத்தாழ 8,800 மெகாவாட். 2047க்குள் அதை ஒரு லட்சம் மெகாவாட்டாக உயர்த்துவது ஒன்றிய அரசின் இலக்கு.

இவ்வளவு பெரிய மாற்றம் வந்தும் நம் வீடுகளில் இது பற்றிய பேச்சு இரண்டே வரிகளில் முடிந்துவிடுகிறது. "அணு உலை என்றாலே அழிவு" என்கிறார் ஒருவர். "வளர்ந்த நாடுகளே வைத்திருக்கின்றன, நமக்கென்ன பயம்?" என்கிறார் மற்றொருவர். இரண்டு பேருமே 'அணு உலை' என்பதை ஒரே பொருளாக நினைத்துக்கொள்கிறார்கள். அது அப்படியல்ல. கல்பாக்கத்தில் ஓடுவது ஒரு வகை, கூடங்குளத்தில் ஓடுவது வேறு வகை, கல்பாக்கத்திலேயே புதிதாகக் கட்டப்பட்டது மூன்றாவது வகை. ஒவ்வொன்றின் பலமும் ஆபத்தும் வெவ்வேறு. இந்த வேறுபாட்டைப் புரிந்துகொண்டால்தான் புதிய சட்டத்தில் நாம் எதைக் கேட்க வேண்டும் என்பது விளங்கும்.

நாம் இருக்கும் பனமரத்துப்பட்டியிலிருந்து கல்பாக்கம் நேர்க்கோட்டில் சுமார் 240 கிலோமீட்டர், கூடங்குளம் சுமார் 380 கிலோமீட்டர். அது கடற்கரை மக்களின் பிரச்சினை என்று இதுவரை ஒதுங்கியிருந்தோம். ஆனால் இனி வரப்போகும் சிறிய உலைகளை, ஆயுள் முடிந்த நிலக்கரி மின் நிலையங்களின் இடங்களிலும் அமைக்கலாம் என்பது அரசின் திட்டங்களில் ஒன்று. நம் சேலம் மாவட்டத்திலும் மேட்டூரில் அனல் மின் நிலையம் இருக்கிறது. எந்த ஊருக்கு எது வரும் என்று நாம் ஊகிக்கத் தேவையில்லை. ஆனால் இது உள்நாட்டு ஊர்களின் விவகாரமாகவும் ஆகிவிட்டது என்பது மட்டும் தெளிவு.

உலைக்குள் நடப்பது என்ன?

யுரேனியம் அணுவின் கருவை ஒரு நியூட்ரான் தாக்கும்போது கரு பிளந்து வெப்பம் வெளிப்படுகிறது. கூடவே இரண்டு மூன்று நியூட்ரான்கள் வெளியேறி அடுத்த அணுக்களைப் பிளக்கின்றன. இந்தத் தொடர்வினையைக் கட்டுப்பாட்டுக்குள் வைத்து, அதன் வெப்பத்தில் நீராவி உண்டாக்கி, டர்பைனைச் சுழற்றுவதுதான் அணு மின் நிலையம். மேட்டூரில் நிலக்கரி செய்யும் வேலையை இங்கே யுரேனியம் செய்கிறது. டர்பைனுக்குப் பிறகு இரண்டும் ஒன்றுதான்.

சிக்கல் என்னவென்றால், பிளவில் வெளிவரும் நியூட்ரான் மிக வேகமானது. எளிதில் பிளக்கும் யுரேனியம் 235 இயற்கை யுரேனியத்தில் 0.7 சதவீதம்தான். நியூட்ரானின் வேகத்தைக் குறைத்தால்தான் அந்தக் கொஞ்சத்தை வைத்தே தொடர்வினையை நடத்த முடியும். வேகத்தைக் குறைக்கும் பொருளுக்குத் 'தணிப்பான்' என்று நம் பிள்ளைகளின் பள்ளிப் பாடநூல் பெயர் சொல்கிறது.

கேரம் பலகையை நினைத்துப் பாருங்கள். ஒரு காய் பலகையின் ஓரக் கட்டையில் மோதினால் அதே வேகத்தோடு திரும்பி வருகிறது. தன் எடையுள்ள இன்னொரு காயில் நேராக மோதினால் நின்றுவிடுகிறது. நியூட்ரானின் எடையும் ஹைட்ரஜன் கருவின் எடையும் கிட்டத்தட்ட சமம். அதனால் ஹைட்ரஜன் நிறைந்த தண்ணீர் நல்ல தணிப்பான். ஆனால் சாதாரணத் தண்ணீர் சில நியூட்ரான்களை விழுங்கியும் விடும். கனநீர் அவ்வளவாக விழுங்காது.

இன்னொரு செய்தியையும் மனதில் வைக்க வேண்டும். கல்யாண வீட்டில் பிரியாணிக்குத் தம் போடும்போது விறகை இழுத்துவிட்ட பிறகும் தணலின் சூட்டில் தேக்சா வெந்துகொண்டே இருக்கும். அணு உலையும் அப்படித்தான். தொடர்வினையை நிறுத்திய உடனேயும் உலையின் முழு வெப்பத்தில் ஆறேழு சதவீதம் வந்துகொண்டிருக்கும். அது மெல்லத்தான் குறையும். 3,000 மெகாவாட் வெப்பம் தரும் உலையில் அந்த மிச்சச் சூடு தொடக்கத்தில் 200 மெகாவாட் அளவுக்கு இருக்கும். அதை வெளியேற்ற வழியில்லாமல் போனால் எரிபொருளே உருகிவிடும். ஆகவே ஓர் உலையின் பாதுகாப்பைப் பற்றிக் கேட்க வேண்டிய முதல் கேள்வி, 'நிறுத்திய பிறகு அதை எப்படிக் குளிர்விப்பீர்கள்?' என்பதுதான்.

நம் மாநிலத்தின் மூன்று வகைகள்

கல்பாக்கத்தில் 1983இல் இயங்கத் தொடங்கிய சென்னை அணு மின் நிலையம் கனநீர் உலை வகை. இங்கே தலா 220 மெகாவாட் திறனில் இரண்டு உலைகள். கனநீர் நியூட்ரானை விழுங்காததால், செறிவூட்டாத இயற்கை யுரேனியமே எரிபொருளாகப் போதும். வெளிநாட்டில் செறிவூட்டிய யுரேனியத்துக்குக் கையேந்தாமல் இருக்கவே இந்தியா இந்த வகையைத் தன் முதுகெலும்பாக வைத்துக்கொண்டது. ஒரே பெரிய அழுத்தக் கலனுக்குப் பதிலாக நூற்றுக்கணக்கான அழுத்தக் குழாய்கள் இதில் உள்ளன. உலையை நிறுத்தாமலேயே எரிபொருளை மாற்றலாம். குழாய்கள் நிறைய என்பதால் அவற்றைக் கண்காணிப்பதும், காலம் வந்ததும் மாற்றுவதும் இதன் பெரிய வேலை. குஜராத்தின் காக்ராபாரிலும் ராஜஸ்தானின் ராவத்பாட்டாவிலும் இதே வகையின் 700 மெகாவாட் வடிவம் இப்போது ஓடுகிறது.

கூடங்குளத்தில் இருப்பது ரஷ்ய வடிவமைப்பு, அழுத்த நீர் உலை வகை. முதல் உலை 2013லும் இரண்டாவது 2016லும் இயங்கத் தொடங்கின. தலா 1,000 மெகாவாட். மேலும் நான்கு உலைகளுக்குக் கட்டுமானம் தொடங்கப்பட்டது. சாதாரணத் தண்ணீரே இங்கு தணிப்பானும் குளிர்விப்பானும். அது நியூட்ரானை விழுங்குவதால் செறிவூட்டிய யுரேனியம் தேவை. அது ரஷ்யாவிலிருந்து வருகிறது. ஏறத்தாழ 320 டிகிரி வரை சூடாகும் தண்ணீர் கொதிக்காமல் இருக்க, சாதாரணக் காற்றழுத்தத்தைப் போல 150 மடங்குக்கும் மேலான அழுத்தத்தில் அடைத்து வைக்கிறார்கள். இந்த வகையில் ஒரு நன்மை உண்டு. தண்ணீர் இல்லாமல் போனால் தணிப்பானும் இல்லாமல் போகிறது, தொடர்வினை தானே தளர்ந்துவிடும்.

கூடங்குளத்தில் கூடுதலாக இரண்டு ஏற்பாடுகள் உள்ளன. ஒன்று, மின்சாரமே இல்லாவிட்டாலும் வெளிக்காற்றின் இயற்கை ஓட்டத்தால் மிச்சச் சூட்டை வெளியேற்றும் அமைப்பு. மற்றொன்று, எரிபொருள் உருகிக் கீழே இறங்கினால் அதைப் பிடித்து வைக்கக் கலனுக்கு அடியில் ஒரு தாங்கி. பழைய உலைகளில் இல்லாத பாதுகாப்பு இவை.

அபுதாபியின் பரக்கா நிலையமும் அழுத்த நீர் உலைக் குடும்பம்தான். ஆனால் கொரிய வடிவமைப்பு. அங்குள்ள நான்கு உலைகள் அமீரகத்தின் மின்சாரத்தில் கால்பங்கைத் தருகின்றன. துபாயிலும் ஷார்ஜாவிலும் வேலை பார்க்கும் நம் பிள்ளைகளின் அறையில் ஓடும் ஏசியிலும் அதன் பங்கு உண்டு. பங்களாதேஷின் ரூப்பூரிலும் துருக்கியின் அக்குயுவிலும் கூடங்குளத்தின் ரஷ்யக் குடும்பத்தைச் சேர்ந்த 1,200 மெகாவாட் உலைகளுக்கு ஒப்பந்தம் செய்திருக்கிறார்கள். முஸ்லிம் நாடுகளில் இருப்பதால் ஒன்று பாதுகாப்பாகிவிடுவதும் இல்லை, ரஷ்யாவிலிருந்து வருவதால் ஆபத்தாகிவிடுவதும் இல்லை. வடிவமைப்பையும் நடத்தும் விதத்தையும் பார்த்துத்தான் பேச வேண்டும்.

மூன்றாவது, கல்பாக்கத்தின் 500 மெகாவாட் முன்மாதிரி வேக ஈனுலை. இதில் தணிப்பானே கிடையாது. வேகமான நியூட்ரான்களை அப்படியே பயன்படுத்துகிறார்கள். பழைய உலைகளில் எரிந்த எரிபொருளிலிருந்து பிரித்த புளூட்டோனியமும் யுரேனியமும் கலந்தது எரிபொருள். சுற்றிலும் வைக்கும் யுரேனியம் மெல்ல மெல்லப் புளூட்டோனியமாக மாறுவதால் புதிய எரிபொருள் 'ஈன்று' தரப்படுகிறது. நம் கன்னியாகுமரி மணலில் கிடக்கும் தோரியத்தை என்றாவது பயன்படுத்துவதற்கு இது ஒரு படி என்பது ஹோமி பாபா காலத்துத் திட்டம்.

தண்ணீர் நியூட்ரானின் வேகத்தைக் குறைத்துவிடும் என்பதால் இங்கே உருகிய சோடியம்தான் குளிர்விப்பான். அது 883 டிகிரியில்தான் கொதிக்கும். எனவே அதிக அழுத்தம் தேவையில்லை. இது பெரிய நன்மை. ஆனால் சோடியம் காற்றுப் பட்டால் எரியும், தண்ணீரில் பட்டால் வெடிக்கும். ஜப்பானின் மோன்ஜு உலையில் 1995இல் சோடியம் கசிந்து தீப்பிடித்தது. பின்னர் அந்த உலையையே மூடுவது என்று 2016இல் முடிவானது. ரஷ்யாவோ இதே வகையை 1980 முதல் பெலோயார்ஸ்கில் ஓட்டிவருகிறது. நம் கல்பாக்கத்தில் கட்டுமானம் 2004இல் தொடங்கியது. 2010இல் முடியும் என்றார்கள். எரிபொருள் ஏற்றும் பணியின் தொடக்கத்தைப் பிரதமர் நேரில் பார்வையிட்டது 2024 மார்ச்சில்தான். இந்தத் தாமதமே இந்த வகை எவ்வளவு கடினமானது என்பதற்குச் சாட்சி.

சிறிய உலைகள்

2025ஆம் ஆண்டின் ஒன்றிய பட்ஜெட் சிறிய உலைகளின் ஆய்வுக்கும் வளர்ச்சிக்கும் 20,000 கோடி ரூபாய் ஒதுக்கியது. 2033க்குள் குறைந்தது 5 சிறிய உலைகள் இயங்க வேண்டும் என்றது. இவற்றில் 'பாரத் சிறிய உலை' என்பது நாம் மேலே பார்த்த 220 மெகாவாட் கனநீர் உலையின் திருத்திய வடிவமே. வேறு நாடுகளில் வேறு வகைகளும் உண்டு. சீனாவில் ஹீலியம் வாயுவால் குளிரும் உலை 2023இல் வணிக உற்பத்திக்கு வந்தது. ரஷ்யா ஒரு மிதவை மீது தலா 35 மெகாவாட் உலைகள் இரண்டை வைத்து வடகோடி ஊர் ஒன்றுக்கு மின்சாரம் தருகிறது.

சிறிய உலையில் மிச்சச் சூடு குறைவு என்பதால் குளிர்விப்பது எளிது என்பது உண்மை. ஆனால் ஒரே இடத்தில் இருந்த ஆபத்தும் கழிவும் காவலும் பல இடங்களுக்குப் பரவும் என்பதும் உண்மை. கடலோரத்தில் இல்லாத உலைக்குத் தண்ணீர் எங்கிருந்து வரும் என்பது தனிக் கேள்வி. ஒரு காலத்தில் சேலம் நகருக்கே குடிநீர் கொடுத்தது நம் பனமரத்துப்பட்டி ஏரி. நீர்வரத்து குறைந்து அதில் சீமைக்கருவேலம் மண்டியதைக் கண்ட நமக்கு இந்தக் கேள்வியின் கனம் புரியும்.

விபத்துகள் சொன்ன பாடம்

உலகம் அறிந்த மூன்று பெரிய விபத்துகளிலும் ஒரு பொதுவான இழை ஓடுகிறது.

1979இல் அமெரிக்காவின் திரீ மைல் தீவில் ஒரு வால்வு மூடாமல் சிக்கிக்கொண்டது. கட்டுப்பாட்டு அறையின் விளக்கோ, 'மூடு' என்ற கட்டளை போய்விட்டதைக் காட்டியதே தவிர வால்வு மூடியதா என்பதைக் காட்டவில்லை. அதே தயாரிப்பாளரின் வேறோர் உலையில் 1977லேயே இதே போன்ற கோளாறு நடந்திருந்தது. இருந்தும் பாடம் மற்ற உலைகளுக்குப் போய்ச் சேரவில்லை.

1986இல் செர்னோபிலில் தணிப்பான் கிராஃபைட், குளிர்விப்பான் தண்ணீர். தண்ணீர் ஆவியாகிக் குறைந்தபோது வினை தளர்வதற்குப் பதிலாக மேலும் கூடியது. கூடங்குளத்து வகைக்கு நேர் எதிரான குணம் இது. உறுதியான காப்புக் கட்டடமும் இல்லை. முதலில் பணியாளர்கள் மீதே பழி போடப்பட்டது. சர்வதேச அணுசக்தி முகமையின் ஆலோசனைக் குழு 1992இல் தன் அறிக்கையைத் திருத்தி, வடிவமைப்பின் குறைகளுக்குப் பெரும்பங்கு உண்டு என்றது.

2011இல் ஃபுகுஷிமாவில் நிலநடுக்கம் வந்ததும் ஓடிக்கொண்டிருந்த உலைகள் முறையாக நின்றன. பிறகு வந்த சுனாமி, கீழ்த்தளங்களில் வைத்திருந்த டீசல் ஜெனரேட்டர்களை மூழ்கடித்தது. மிச்சச் சூட்டை வெளியேற்ற வழியில்லாமல் மூன்று உலைகள் உருகின. 2004 டிசம்பர் 26 அன்று கல்பாக்கத்திலும் சுனாமி நீர் பம்ப் இல்லத்துக்குள் புகுந்தது. ஓடிக்கொண்டிருந்த உலை பாதுகாப்பாக நிறுத்தப்பட்டது, அல்ஹம்துலில்லாஹ். ஜெனரேட்டரை எந்த உயரத்தில் வைப்பது என்ற ஒரு முடிவு எத்தனை லட்சம் பேரின் வாழ்வைத் தீர்மானிக்கிறது பாருங்கள்.

ஆக, மூன்றிலும் பணியாளரின் தவறோ இயற்கையின் சீற்றமோ மட்டும் காரணமில்லை. காகிதத்தில் வரையும்போதே செய்த முடிவுகளும் காரணம்.

சட்டம் யாரை விடுவிக்கிறது?

இங்கேதான் புதிய சட்டம் நம்மைக் கவலைகொள்ள வைக்கிறது. 2010 சட்டப்படி, உலையை நடத்தும் நிறுவனம் முதலில் இழப்பீடு தர வேண்டும். ஆனால் விபத்துக்குக் காரணம் பழுதான கருவியோ தரமற்ற சேவையோ என்றால், அதை வழங்கியவரிடமிருந்து அந்தத் தொகையைத் திரும்பக் கோரும் உரிமை அதற்கு இருந்தது. அந்தப் பிரிவு வந்ததற்குப் பின்னணி போபால். 1984இல் விஷவாயு கசிந்து ஆயிரக்கணக்கானோர் மடிந்தார்கள். பழைய நகரின் ஏழைக் குடும்பங்கள், அவர்களில் ஏராளமான முஸ்லிம்கள், தலைமுறை தலைமுறையாக அவதிப்பட்டார்கள். 2010 ஜூனில் வந்த தீர்ப்பில் குற்றவாளிகளுக்குக் கிடைத்தது இரண்டே ஆண்டு சிறை. அந்தக் கோபத்தின் நடுவே எழுதப்பட்டதுதான் 2010இன் பிரிவு.

புதிய சட்டத்தில் அந்தப் பிரிவு இல்லை. ஒப்பந்தத்தில் எழுதியிருந்தால் அல்லது ஒருவர் வேண்டுமென்றே கேடு செய்திருந்தால் மட்டுமே திரும்பக் கோரலாம். நடத்துபவரின் பொறுப்புக்கும் உச்சவரம்பு உண்டு. உலையின் அளவைப் பொறுத்து அது 100 கோடி முதல் 3,000 கோடி ரூபாய் வரை. ஃபுகுஷிமாவுக்குக் கொடுக்கப்பட்ட இழப்பீடு மட்டும் 10 லட்சம் கோடி யென்னைத் தாண்டியது. நம் மதிப்பில் அது 5 லட்சம் கோடி ரூபாய்க்கும் மேல்.

அரசுத் தரப்பின் வாதத்தையும் நேர்மையாகச் சொல்ல வேண்டும். பழைய பிரிவுக்கு அஞ்சியே அமெரிக்க, பிரெஞ்சு நிறுவனங்கள் பதினைந்து ஆண்டுகளாக இங்கே ஓர் உலையும் கட்டவில்லை. பொறுப்பு முழுவதையும் நடத்துபவர் மீதே வைப்பதுதான் பன்னாட்டு ஒப்பந்தங்களின் வழக்கம், அப்போதுதான் பாதிக்கப்பட்டவர் யாரிடம் போவது என்று அலைய வேண்டியதில்லை என்கிறார்கள். அணுசக்தி ஒழுங்குமுறை வாரியத்துக்குச் சட்டப்பூர்வ அந்தஸ்து கிடைத்திருப்பதும் வரவேற்க வேண்டியதே. நிலக்கரிப் புகையைக் குறைக்க வேண்டும் என்பதிலும் நமக்கு மறுப்பில்லை.

ஆனால் பாதிக்கப்பட்டவர் ஒரே வாசலைத் தட்டினால் போதும் என்பது வேறு. அந்த வாசலுக்குப் பின்னால் தவறு செய்தவரிடம் யாரும் போகக் கூடாது என்பது வேறு. முதலாவது இரக்கம். இரண்டாவது விடுதலைப் பத்திரம்.

நம் ஃபிக்ஹு நூல்களில் 'ளமான்' என்று ஒரு பாடமே இருக்கிறது. மருத்துவம் தெரியாமல் மருத்துவம் பார்த்தவர் நேர்ந்த கேட்டுக்குப் பொறுப்பாளி என்பது நபி (ஸல்) அவர்கள் வழியாக வந்த சட்டம். சாயம் தோய்ப்பவர், தையற்காரர் போன்ற தொழிலாளர்கள் தங்கள் கையில் கெட்டுப்போன பொருளுக்கு ஈடு தர வேண்டும் என்ற தீர்ப்பு அலீ (ரலி) அவர்களிடமிருந்து அறிவிக்கப்படுகிறது. விவரங்களில் மத்ஹபுகளுக்கிடையே கருத்து வேறுபாடு உண்டு. ஆனால் அதன் நோக்கம் எளிது: பொறுப்பு என்று ஒன்று தலைக்கு மேல் இருந்தால்தான் கை கவனமாக வேலை செய்யும். ஒரு துணிக்கே இந்தக் கணக்கு என்றால், வடிவமைப்பில்தான் பாதுகாப்பே அடங்கியிருக்கும் ஓர் இயந்திரத்துக்கு எவ்வளவு கணக்கு வேண்டும்?

நாம் செய்ய வேண்டியது

ஒன்று, சட்டத்தின் கீழ் வரும் விதிகளும் ஒப்பந்தங்களும்தான் இனி முக்கியம். கருவி வழங்குபவர் பழுதுக்குப் பொறுப்பேற்கும் நிபந்தனை ஒவ்வொரு ஒப்பந்தத்திலும் எழுதப்பட வேண்டும், அது வெளியிடப்படவும் வேண்டும் என்று நம் தொகுதி நாடாளுமன்ற உறுப்பினர்களிடம் ஜமாஅத்துகள் எழுத்து மூலம் கேட்கலாம். இதில் எந்தக் கட்சி வேறுபாடும் இல்லை.

இரண்டு, ஓர் ஊருக்கு உலை வருகிறது என்றால் நான்கு கேள்விகளைக் கேட்கப் பழகுவோம். எந்த வகை? நிறுத்திய பிறகு மின்சாரம் இல்லாமல் எத்தனை நாள் தானே குளிரும்? எரிந்த எரிபொருள் எங்கே வைக்கப்படும்? கேடு நேர்ந்தால் யார், எவ்வளவு தருவார்? கேட்பது தேசத்துக்கு எதிரானதல்ல. கூடங்குளம் விவகாரத்தில் இடிந்தகரை மக்கள் ஆயிரக்கணக்கானோர் மீது தேசத்துரோக வழக்குகள் வரை போடப்பட்டன. ஆனால் அவர்கள் எழுப்பிய கேள்விகளின் தொடர்ச்சியாகவே உச்ச நீதிமன்றம் 2013 மே மாதத் தீர்ப்பில், உலைக்கு அனுமதி கொடுத்தாலும், பாதுகாப்பு குறித்துப் பல கட்டளைகளைச் சேர்த்தது.

மூன்று, வாட்ஸ்அப்பில் வரும் பீதிச் செய்தியையும் புகழ்ச்சிச் செய்தியையும் தீர விசாரிக்காமல் பரப்பாமல் இருப்போம். இயற்பியலும் பொறியியலும் படிக்கும் நம் பிள்ளைகளை, ஆண் பெண் இருபாலரையும், இந்தத் துறைக்குள் அனுப்புவோம். உள்ளே இருந்து சரிபார்க்கும் கண்களும் நம் சமுதாயத்திலிருந்து வேண்டும்.

அணுவுக்குள் இவ்வளவு ஆற்றலை வைத்தவன் அல்லாஹ். அதை எடுத்துப் பயன்படுத்தும் அறிவு மனிதனுக்கு அவன் தந்த அமானத். அமானத்தைச் சுமப்பவர் கணக்குக் கொடுக்கக் கடமைப்பட்டவர். உலையை நடத்துபவருக்கு மட்டுமல்ல, வரைந்தவருக்கும் வார்த்தவருக்கும் அந்தக் கடமை உண்டு என்பதை நம் நாட்டின் சட்டமும் ஒப்புக்கொள்ளும் நாளை வல்ல ரஹ்மான் விரைவில் தருவானாக! ஆமீன்.